மூன்று வயல்களில் எடுத்ததாகச் சொல்லப்படும் அதே பதினான்கு கண்ணிவெடிகள்

அனுப்புநர்:
பியோ மல்-சூன் (வயது 63),
க/பெ. கூ பியோங்-டே,
கதவு எண் 27, சோல்மோக் கிராமம்,
எல்லைக் கட்டுப்பாட்டுப் பகுதி,
காங்வொன் மாகாணம், தென் கொரியா.

பெறுநர்:
உயர்திரு தலைவர் அவர்கள்,
எல்லையோரக் கண்ணிவெடி அகற்றல் மேற்பார்வைக் குழு,
சியோல்.

பொருள்: கண்ணிவெடி இல்லை என்று சான்றளிக்கப்பட்ட என் மேட்டு வயலில் வெடி வெடித்தது – சான்றிதழின் உண்மை மீது ஐயம் – மறு சோதனை கோருதல்.

பார்வை: என் முந்தைய மனு, நாள் 13.10.2022 (பதிலும் இல்லை, ஒப்புகையும் இல்லை).

மரியாதைக்குரிய ஐயா,

இந்த மனுவைத் தபாலில் சேர்க்காமல், தங்கள் அலுவலகத்துக்கு நேரில் வந்து கொடுத்து, நகலில் முத்திரை பெற்ற பின்பே ஊர் திரும்ப எண்ணியுள்ளேன். சென்ற மனு எந்த மேசையில் நின்றது என்று தெரியாததால் இந்த ஏற்பாடு. தாங்கள் தவறாக எண்ண வேண்டாம்.

1. வடக்கும் தெற்கும் பேசிக்கொண்டிருந்த நாட்களில், எங்கள் ஊரின் மூன்று வயல்களைச் சுத்தம் செய்து உழவுக்குத் திறந்துவிடப் போவதாக அறிவித்தார்கள். ஒன்று என்னுடையது. மற்றவை பக்கத்து வீட்டு ஹ்வாங் பியோவுடையதும், கணவரை இழந்த தாக் சூன்-நம் அம்மாளுடையதும். 2020 செப்டம்பரில் ஒப்பந்தக் குழு வந்தது. ஆறு பேர். அவர்களுக்கு மதியச் சோறு நான்தான் சமைத்தேன்.

2. என் வயலில் இருபத்து மூன்று நாட்கள் தேடியதாகச் சான்றிதழ் சொல்கிறது. நான் சமைத்தது ஐந்து நாட்கள். ஆறாம் நாள் கிம்ச்சியும் சோயா விழுதுக் குழம்பும் தயாராக வைத்துக்கொண்டு காத்திருந்தேன், யாரும் வரவில்லை. மற்ற பதினெட்டு நாட்களும் அவர்கள் எங்கே சாப்பிட்டார்கள் என்று எனக்குத் தெரியாது. எங்கள் ஊருக்குள் வேறு சோற்றுக்கடை கிடையாது. ஊருக்குள் வருவோர் போவோரை எழுதும் சோதனைச் சாவடிப் பதிவேட்டைப் பார்த்தால் விடை கிடைக்கும். நான் கேட்டேன். காட்ட மறுத்துவிட்டார்கள்.

3. அந்த நவம்பரில் விழா நடந்தது. வெளிநாட்டுப் பிரதிநிதிகள் வந்திருந்தார்கள். "42 கண்ணிவெடிகள் நீங்கிய அமைதி நிலம்" என்று பலகை வைத்தார்கள். என் கையில் ஒரு முட்டைக்கோசைக் கொடுத்துச் சிரிக்கச் சொன்னார்கள். சிரித்தேன். கைதட்டியவர்களோடு சேர்ந்து நானும் கைதட்டினேன் என்பதை இங்கே மறைக்கவில்லை.

4. கடந்த அக்டோபர் 9 அன்று காலை ஏழு மணி அளவில், என் வயலின் மேற்கு ஓரத்தில் ஒரு நீர்மான் கால் வைத்ததில் கண்ணிவெடி வெடித்தது. என் கணவர் 1983இல் அந்தச் சரிவில் கீரை பறிக்கப் போய் இடது காலை இழந்தவர். இங்கே குடியேறும்போதே "எது நடந்தாலும் என் பொறுப்பு" என்று அதிகாரிகள் எங்களிடம் எழுதி வாங்கிக்கொண்டதால் அப்போது எங்கும் முறையிட முடியவில்லை. இந்த அக்டோபர் 9 காலை, சத்தம் கேட்டதும் படுக்கையில் இருந்தவர் முதலில் தொட்டுப் பார்த்தது தம் வலது காலை. அதன் பிறகே என் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டார்.

5. இரண்டு நாள் கழித்து ஓர் அதிகாரி வந்தார். "மானுன்னு எப்படிம்மா சொல்றீங்க? பழைய கேஸ் சிலிண்டரா இருக்கும்" என்றார். குளம்பை எடுத்துக் காட்டினேன். உடனே, "அப்போ வெள்ளத்துல அடிச்சிட்டு வந்திருக்கும்" என்றார். ஐயா, என் வயலுக்கு மேலே பாறைதான் இருக்கிறது. வெள்ளம் என் வயலிலிருந்து கீழே போகுமே தவிர, கீழேயிருந்து மேலே ஏறி வராது. வெள்ளம்தான் காரணம் என்று ஒப்புக்கொள்ளும் தாள் ஒன்றை நீட்டிக் கையெழுத்துக் கேட்டார். முன்பு ஒரு தாளில் போட்ட கையெழுத்துக்கு என் வீட்டில் ஒரு கால் போயிருக்கிறது. போட மறுத்தேன். மறுநாள் போய்ப் பார்த்தபோது வெடித்த குழி மண்ணிட்டு மூடப்பட்டிருந்தது. மூடியது யார் என்று யாருக்கும் தெரியவில்லையாம்.

6. அதன் பிறகுதான் மூன்று வயல்களின் சான்றிதழ்களையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். மற்ற இரண்டும் எனக்கு எப்படிக் கிடைத்தன என்பதைச் சொல்ல இயலாது. ஒவ்வொன்றிலும், தார்ப்பாயில் பதினான்கு வெடிகளை வரிசையாக வைத்து எடுத்த படம் உள்ளது. மூன்று படங்களிலும் இடக்கோடியில் இருக்கும் வெடியின் மூடி, ஒரே இடத்தில், பிறை வடிவில் உடைந்திருக்கிறது. மேலும், என் வயலின் படத்தில் பின்னால் ஹ்வாங்கின் பிளாஸ்டிக் பசுமைக்குடில் முழுதாக நிற்கிறது. அது 2019 வசந்தத்தில் எரிந்து போனது. தண்ணீர் ஊற்றி அணைத்தவர்களில் நானும் ஒருத்தி. 2020 செப்டம்பர் என்று தேதியிட்ட படத்தில் அது எப்படி நிற்கிறது? மூன்று முறை எண்ணப்பட்டவை அதே பதினான்குதானா? அப்படியானால் வெளிநாட்டாருக்குச் சொன்ன நாற்பத்திரண்டில் இருபத்தெட்டு இன்னும் எங்கே இருக்கின்றன?

7. ஊர்த்தலைவர் பாங் கி-தோக் என் வீட்டுக்கு வந்து, வழக்கம்போல என் பிள்ளையின் பெயரால் அழைத்து, "சோங்ரான் அம்மா, இத்தனை வருஷம் கழிச்சு இப்பதான் எல்லைக் கம்பிவேலியைத் தள்ளி வைக்கப் போறாங்க. ஒரு மானுக்காக ஊர் தலையில மண்ணள்ளிப் போட்டுறாதீங்க" என்றார். அவர் கெட்டவர் அல்லர். அவர் பேரன் கூட அந்த வழியாகத்தான் நடக்கிறான் என்றேன். அவர் தேநீரைக் குடிக்காமலே எழுந்து போனார். வயலின் ஓரங்களில் நான் கட்டும் சிவப்புத் துணிகளை யாரோ அவிழ்த்துவிடுகிறார்கள். நானும் திரும்பத் திரும்பக் கட்டி வருகிறேன்.

8. இம்மாதம் ஐந்தாம் தேதி, சந்தை நாளில், அந்தக் குழுவில் வேலை செய்த ஒருவர் காய்ந்த முள்ளங்கி இலை வாங்குவது போல என்னிடம் வந்தார். அவர் பெயரை எழுத மாட்டேன். இந்த மனு யார் யார் கைக்குப் போகும் என்று எனக்குத் தெரியாது. "அக்கா, உங்க கையால அஞ்சு நாள் சாப்பிட்டிருக்கேன். அதான் சொல்றேன், மேட்டுப் பக்கம் கலப்பை போடாதீங்க" என்றார்.

"அங்க தேடவே இல்லையா?" என்று கேட்டேன்.

"கருவி கத்திக்கிட்டே இருந்துச்சு. ஒவ்வொரு சத்தத்துக்கும் தோண்டினா ஒரு வருஷம் ஆகும். விழாவுக்குத் தேதி வச்சாச்சு, போதும் வாங்கன்னு மேல இருந்து சொல்லிட்டாங்க."

இதை எழுதித் தரும்படி கேட்டேன். "எனக்கும் வீடு வாசல் இருக்குக்கா" என்று சொல்லி, வாங்கிய இலையைக் கூட எடுக்காமல் போய்விட்டார்.

9. தாக் அம்மாள் தம் வயலைச் சியோலிலிருந்து வந்த ஓர் இளம் தம்பதிக்குக் குத்தகைக்கு விட்டிருக்கிறார். வரும் மார்ச்சில் நிலம் இளகியதும் உழப் போகிறார்கள். நான் எச்சரித்தேன். அந்தப் பெண் என் கையைப் பிடித்துக்கொண்டு, "பயப்படாதீங்கம்மா, அரசாங்க முத்திரை இருக்கே" என்றாள். அவள் ஆறு மாதக் கர்ப்பிணி.

10. ஆகவே தங்களைக் கேட்டுக்கொள்வது: மார்ச்சுக்கு முன் மூன்று வயல்களையும் வேறொரு குழு, நாங்கள் பார்த்திருக்க, முதலிலிருந்து தேட வேண்டும். சாவடிப் பதிவேட்டை அழிந்துபோகுமுன் கைப்பற்ற வேண்டும். அதுவரை மூன்று சான்றிதழ்களையும் நிறுத்திவைத்து, அந்தத் தம்பதிக்கு எழுத்தில் தெரிவிக்க வேண்டும். எனக்கு இழப்பீடு எதுவும் வேண்டாம்.

இவை எதற்கும் அவசியமில்லை என்று தங்கள் அலுவலகம் கருதினால், சான்றிதழில் கையெழுத்திட்ட அதிகாரி ஒருநாள் வந்து என் மேட்டு வயலின் குறுக்கே ஒருமுறை நடந்து காட்டினால் போதும். அவர் நடக்கக் கூடாது என்பதே என் விருப்பம். அவருக்கும் குடும்பம் இருக்கும். நடக்க மறுத்தார் என்று ஒரே ஒரு வரி எழுதி, முத்திரையிட்டு எனக்கு அனுப்பி வையுங்கள். அந்தப் பெண்ணிடம் காட்ட என்னிடம் வேறு ஒன்றும் இல்லை.

இணைப்பு: மூன்று படங்களின் நகல்கள். (அசல்கள் என் வீட்டில் இல்லை. தேட வேண்டாம்.)

இடம்: சோல்மோக்
நாள்: 21.11.2022

தங்கள் பதிலை எதிர்நோக்கும்,
(ஒப்பம்) பியோ மல்-சூன்