கரண்ட் வந்ததும் ஆமென்

நவம்பர் 10, 2024
சபையின் எழுத்து வகுப்பில் சேர்ந்து ஒரு வருடமாகிறது. ஒரு வரி எழுதுவதற்குள் டீ ஆறிவிடுகிறது. ஆறட்டும்!

மகள் பெர்சிஸ் போனில் லண்டன்காரர்களின் டிவி நாடகம் காட்டினாள். குட்டிக் குட்டிக் காட்சிகள். பஸ்ஸுக்கு வரிசை நிற்கிறது. பஸ் வருகிறது. "நீங்க ஏறுங்க", "இல்ல, நீங்க மொதல்ல" - பஸ் போய்விடுகிறது. வரிசை அப்படியே நிற்கிறது. கண்ணில் தண்ணீர் வரச் சிரித்தேன். தினமும் நடப்பதுதானே? நானும் எழுதினால் என்ன?

நவம்பர் 13
உட்கார முடியவில்லை. எழுத ஒன்று கிடைத்துவிட்டது. எதிர்வீட்டில் துக்க ஜெபம். போதகர் உருகிக்கொண்டிருந்தார். தெருவில் பர்மிய மொழியில் "மீ லாபியி!" என்று கூச்சல் - கரண்ட் வந்துவிட்டது. என் மனைவி மக்தலேனா கண்ணைத் திறக்காமலே "ஆமென்" என்றாள். மோட்டார் போட்டுத் தண்ணீர் ஏற்ற ஓடினாள். பின்னாலேயே எல்லாரும்.

நவம்பர் 24
நாடகத்தை முடித்தேன்! கிறிஸ்துமஸ் நிகழ்ச்சியில் போடுகிறார்கள். பெர்சிஸுக்குத்தான் அம்மா வேடம்.

மக்தலேனாவுக்குத் தெரிந்துவிட்டது. "சபையே சிரிக்க நாந்தான் கெடச்சேனா? நான் தண்ணி ஏத்தலேன்னா எதுல குளிப்பீங்க?"

நவம்பர் 30
பேசவில்லை. சோறு மட்டும் வருகிறது.

டிசம்பர் 5
கிழித்துவிடலாமா? எடுக்கிறேன், வைக்கிறேன். பெர்சிஸ் சொல்கிறாள், அந்த லண்டன் நாடகத்தை எழுதியவரும் அதே வரிசையில்தான் நிற்கிறாராம். அப்போ நான் எங்கே நிக்கிறேன்? அன்னிக்கு நானுந்தானே ஓடினேன், ரைஸ் குக்கர் போட!

நாடகத்தில் ஒரு கிழவனைச் சேர்த்தேன். அந்த வேடம் எனக்கு.

டிசம்பர் 21
மாலையில் நிகழ்ச்சி. கரண்ட் இல்லை, பாட்டரி விளக்குதான். மக்தலேனா வந்தாள், கடைசி பெஞ்சில் முகத்தைத் திருப்பிக்கொண்டு உட்கார்ந்தாள். மேடையில் பெர்சிஸ் கண்ணை மூடி "ஆமென்" என்றாள். நான் குக்கரைத் தூக்கிக்கொண்டு ஓடினேன். அந்த நேரம் பார்த்து மின்விசிறி சுற்றியது. நிஜக் கரண்ட்! வெளியே "மீ லாபியி!" மண்டபமே எழுந்து ஓடியது. போதகரையும் காணோம்.

கடைசி பெஞ்சில் ஒருத்தி மட்டும், வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள்.

"மோட்டாரு கெடக்கட்டும், பெர்சிஸ் அப்பா. மிச்சத்த நடிங்க."

டிசம்பர் 22
குளிக்கத் தண்ணீர் இல்லை. இரண்டு பேரும் முகம் மட்டும் கழுவிக்கொண்டு கோயிலுக்குப் போனோம்.