ஜேப்பை விட்டு வராத கை

அல்லாலின் அக்காவுக்கு,

என் மனைவிக்கு என்று எழுதினால் கிழித்துப் போடுவாய் என்பதால் இப்படித் தொடங்குகிறேன். வெள்ளிக்கிழமை உன் தம்பி வீட்டு விருந்தில் நான் செய்ததில் தப்பே இல்லை.

அல்லால் தன் கடையை எனக்கு விற்பதாக எழுதிக் கொடுத்து முன்பணம் வாங்கினான். பேச்சு மாறினால் இரட்டிப்பாகத் தருவேன் என்றும் அவன்தான் எழுதினான். பிறகு கூடுதல் விலைக்கு வேறொருவனுக்கு விற்றுவிட்டு, வாங்கியதை மட்டும் குஸ்குஸ் தட்டுக்குப் பக்கத்தில் வைத்தான்.

"ஃபாத்திஹா ஓதி முடிச்சுக்கலாம் மச்சான், கையை ஏந்துங்க" என்றான். பெரியவர்கள் முன்னால் அந்தப் பிரார்த்தனைக்குக் கை ஏந்திவிட்டால் நானும் சம்மதித்ததாக ஆகி, விவகாரம் தீர்ந்தது. அப்புறம் மெக்னெஸ் ஊர் முழுக்க எவனும் என் பேச்சைக் கேட்க மாட்டான். நான் ஜுப்பா ஜேப்பிலிருந்து கையை எடுக்கவே இல்லை.

"உள்ள என்ன, கோழிக்குஞ்சா வளக்குறீங்க?"

"இல்லடா, நீ தரவேண்டிய மீதிக்கு இடம் புடிச்சு வச்சிருக்கேன்."

எல்லாரும் சிரித்தார்கள். நீ மட்டும் சிரிக்கவில்லை, அங்கேயே தங்கிவிட்டாய்.

அந்த முன்பணம் தள்ளுவண்டியில் ஆலிவ் காய் விற்றுச் சேர்த்த பணம். வெயிலில் நீயும் என்னோடு நின்றாய். உன் உழைப்பை உன் தம்பிக்கு விட்டுக்கொடுக்க நான் யார்? திங்கட்கிழமை வழக்குப் போடுகிறேன்.

நான் போடும் தேநீர் வாயில் வைக்க முடியவில்லை. அதற்காக இறங்கி வருவேன் என்று நினைக்காதே. கை இன்னும் ஜேப்பில்தான் இருக்கிறது. நீ கதவைத் தட்டினால், திறப்பதற்கு மட்டும் வெளியே எடுப்பேன்.

உன் தள்ளுவண்டிக்காரன்