கீழ்ப்பிரிவிலிருந்து எடுத்த கார்டு

மே 20, செவ்வாய்

காலையிலிருந்தே மப்பு. தேயிலைத் தோட்டத்து எங்கள் லயத்துக் கோடியில் உள்ள மழைப் பெட்டி செத்துவிட்டது. மழை அளவு மீறினால், மண் சரியுமுன் சங்கு ஊதி எங்களை எழுப்புகிற பெட்டி. இடி விழுந்ததோடு திரையில் வெறும் வெள்ளை. ஆபீசில் கேட்டால் ஆள் வர அடுத்த கிழமையாம். நானிருக்க ஆள் எதற்கு? எஹலியகொடையில் பாதி ஊர் போனுக்கு உயிர் கொடுத்த கை. கால்வாசி என்றாலும் பொய்யில்லை.

மே 21, புதன்

வெற்றி. தோட்டத்தின் கீழ்ப்பிரிவிலும் இதே மாதிரிப் பெட்டி உண்டு; அதன் மெமரி கார்டை வாங்கிப் போய், டவுன் கடைக் கம்ப்யூட்டரில் அப்படியே படியெடுத்து, நம் கார்டில் எழுதினேன். பழையதை எல்லாம் துடைத்துவிட்டுத்தான் எழுதும் அந்த சாப்ட்வேர். கடைக்கார நிமால் அசந்துவிட்டான். "ஹரி ஷோக், அங்கிள்!" பிரமாதமாம். அவர்கள் கார்டை அவர்கள் பெட்டியிலேயே திரும்பப் போட்டாச்சு. நம் பெட்டியில் பச்சை விளக்கு.

திரையில் மட்டும் 'கீழ்ப்பிரிவு' என்று வருகிறது. தங்கச்சி மகள் மலர் கேட்டாள்.

"நம்ம பேரு வரலையே மாமா?"

"பேருல என்ன புள்ள இருக்கு? பச்சை எரியுற வரைக்கும் நிம்மதியா தூங்கு."

லயம் முழுக்கக் கேட்கும்படி சொன்னேன். மலர் பச்சை உடம்புக்காரி. மலையடியில் கடைசி வீடு அவளுடையது.

வாங்க: பீடி, டார்ச்சுக்குப் பெற்றரி, பிள்ளைக்கு வசம்பு.

மே 23, வெள்ளி

விடாத மழை. கொழுந்துக்கு ஒருவரும் போகவில்லை. மத்தியானம் கீழ்ப்பிரிவுக் கங்காணி போனில்.

"எங்களுக்குச் சமதரை அண்ணே, எவ்வளவு பெஞ்சாலும் லேசில ஊதாது. ஒங்க மலைக்குத்தான் ஆபீஸ் ஆளு அளவைக் கொறைச்சு வச்சுக் குடுத்தாரு. இந்நேரம் ஊதியிருக்குமே?"

பேரோடு அவர்கள் அளவும் நம் பெட்டிக்குள் வந்திருக்கிறது. நம் அளவைத் துடைத்தது நான்.

மலர் வீட்டுக்கு ஓடினேன். ரொட்டி சுட்டுக்கொண்டிருந்தாள்.

"வாங்க மாமா. பச்சைதானே எரியுது?"

"அது கீழ்ப்பிரிவு மழைக்கு எரியுது. புள்ளையத் தூக்கு."

அவள் புருஷன் எழும்பவில்லை. "அன்னைக்கு நீங்கதானே தூங்கச் சொன்னீங்க?"

"ஆமாய்யா, நான்தான். தெரியாம செஞ்சுட்டேன். வெளிய வா."

கதவு கதவாகத் தட்டி இதையேதான் சொன்னேன். தொண்டை போய்விட்டது.

பின்னேரம். பள்ளிக்கூட மண்டபம். எல்லாரும் வந்தாச்சு. பிள்ளை மலர் மடியில் தூங்குகிறது. மழை விடவில்லை, மலை இன்னும் நிற்கிறது. பின்னால் யாரோ என்னைக் காட்டி, "இஞ்சினியர் ஐயா நம்மளச் சும்மா நனைய வச்சுட்டாரு" என்கிறான். ஒரே சிரிப்பு.

சரியாமலே நிற்கட்டும். சாகும்வரை சொல்லிச் சொல்லிச் சிரிக்கட்டும்.