திருத்தப்படாத ஒரு வரி

மார்ச் 3, செவ்வாய்

இன்று கூடத்தில் இருந்தவர்கள்: என் கணவர், நான், அவர் வேலை பார்த்த பத்திரிகையின் ஆசிரியர். ஆக மூன்று பேர். மூளைக்காய்ச்சலில் விழுந்து எழுந்ததை அவரையே எழுதச் சொல்கிறார் ஆசிரியர். "இது நல்லா வந்துட்டா அடுத்த மாசம் உங்க நாற்காலி உங்களுக்குத்தான்."

ஐந்து மாதத்துக்குப் பிறகு இவர் முகத்தில் ஒரு தெளிவு. கடவுளே, நன்றி.

மார்ச் 7, சனி

நாலு வரி எழுதினார். பேனா என்ற சொல் வராமல், "அந்த... எழுதுற குச்சி எங்கடி?" என்றார். இருவரும் சிரித்தோம். பிறகு நான் மட்டும் அடுப்படியில் அழுதேன்.

மார்ச் 12, வியாழன்

முடித்து வாசித்துக் காட்டினார். நன்றாகத்தான் இருந்தது, ஒரு வரி வரும்வரை. நினைவில்லாமல் கிடந்த பத்தொன்பது நாளும் தம்பி கட்டிலருகே உட்கார்ந்து செய்தித்தாள் வாசித்தானாம்.

கொழுந்தனார் ஒரு நாளும் வரவில்லை. இரண்டு தடவை போன் செய்தார், அவ்வளவுதான். என் நோட்டில் எல்லாம் இருக்கிறது: காய்ச்சல், வலிப்பு, மாத்திரை, வந்தவர், வந்த நேரம், போன நேரம். தினமும் நாலு மணிக்கு வந்து ஆறு மணிவரை வாசித்தவர் பத்திரிகையில் பிழைதிருத்துகிறவர். 'கமாக்காரன்' என்று திட்டி, ஒவ்வொரு கமாவுக்கும் இவர் இருபது வருடமாகச் சண்டை போடுகிற அதே மனிதர்.

டாக்டர் ஆஸ்பத்திரியிலேயே சொன்னார்: "ஞாபகத்துல ஓட்டை விழுந்தா மூளையே எதையாவது வச்சு அடைச்சுக்கும்மா. பொய் சொல்றார்னு நினைச்சுடாதீங்க."

தம்பி என்றால் இவருக்கு உயிர். சொன்னால் ஒடிந்துவிடுவாரோ? சொல்லவில்லை.

மார்ச் 13, வெள்ளி

கட்டுரை ஆபீஸுக்குப் போய்விட்டது. பிரார்த்தனையில் மனம் நிற்கவில்லை.

மார்ச் 17, செவ்வாய்

அச்சுக்குப் போகும் முன் திருத்திப் பார்க்கிற ப்ரூஃப் வந்தது. கமாக்காரர் கைவண்ணம், பக்கமெல்லாம் சிவப்பு. எண்ணினேன், முப்பத்தொரு திருத்தம். தம்பி வரியில் மட்டும் பேனா படவே இல்லை.

தன் இடத்தை இன்னொருவருக்கு விட்டுக்கொடுத்துவிட்டு அந்த மனிதர் பேசாமல் இருக்கிறார். சரி, நான்? எந்த முகத்தோடு விளக்கேற்றிக் கும்பிடுவது?

நோட்டை எடுத்துப்போய் இவர் முன்னால் வைத்தேன். "என்னங்க, ஒரு இடம் தப்பா இருக்கு. தம்பி வரல."

"வந்தான்டி. அந்தக் குரல் இன்னும் காதுலயே இருக்கு."

"குரல் நிஜந்தாங்க. ஆள் வேற."

ஒவ்வொரு பக்கமாகப் புரட்டினார்.

"ஒருநாள்கூடவா வரல?"

"இல்லங்க."

"அந்த ஆளு?"

"ஞாயித்துக்கிழமைகூட விடல."

நோட்டை மூடினார். பிறகு, "கமாவுக்கு அந்தக் கத்து கத்துவான், இதுக்கு வாயத் திறக்கலையே பாவி!" என்றார். கண் நிறைந்திருந்தது.

மார்ச் 18, புதன்

ஆசிரியருக்கு இவரே போன் செய்தார். "ஒரு தகவலைச் சரிபார்க்கணும் சார், ரெண்டு நாள் குடுங்க." பழைய குரல். அதே மிடுக்கு.

அந்த வரியை அடித்தார். ப்ரூஃபின் ஓரத்தில் கமாக்காரருக்கு நாலு வரி எழுதி, நோட்டுக்காரியான என்னிடம் நீட்டி, "கணக்குப்பிள்ளை, இத நீயே கொண்டுபோய் அவர் கையில குடு" என்றார். 'அவர்' என்றார்! எழுதியிருந்ததை அப்படியே இங்கே பதிந்து வைக்கிறேன்:

"ஐயா, முப்பத்தொன்றைப் பிடித்த நீங்கள் ஒன்றை விட்டுவிட்டீர்கள். அந்தப் பத்தொன்பது நாளும் எனக்கு என்ன வாசித்தீர்கள்? நான் ஏதாவது பேசினேனா? எனக்குத் தெரியாது, உங்களுக்குத்தான் தெரியும். வெள்ளிக்கிழமை பக்கம் அச்சுக்குப் போகிறது. சீக்கிரம் பதில் சொல்லுங்கள்."