செண்பகவத்தை வாய்க்கால்

அக்டோபர் 12
என் பசறை பஸ் காலையில் பிரேக் சரியில்லாமல் நின்றுவிட்டது. சாரதி ஸஹாப்தீன் அதைச் சரிசெய்து எடுக்கும்போது ஒன்பது மணி தாண்டிவிட்டது. மத்தியானம் விஜேந்திரன் வந்தான். செண்பகவத்தைத் தோட்டத்துக்கு மேலே நானும் அவனும் கூட்டாக வெட்டிய வாய்க்காலில் நாளை தண்ணீர் விடுகிறார்களாம். அந்தத் தண்ணீரில்தான் கரண்ட் எடுக்கப் போகிறோம். மூன்று பஸ்ஸில் ஒன்றை விற்றுப் பங்கு போட்டேன். நான் பிறந்த லயத்து வரிசை வீடுகளுக்கு மேலேயே எனக்கு ஒரு வாய்க்கால். அப்பா இருந்திருந்தால் நம்பியிருக்க மாட்டார்.

அக்டோபர் 13
தண்ணீர் வந்தது. தேங்காய் உடைத்தோம்.

அக்டோபர் 29
கருப்பம்மா பதுளைக்கு, என் வீட்டுக்கே வந்தாள். தோட்டப் பள்ளிக்கூடத்தில் என்னோடு ஒரே பெஞ்சில் இருந்தவள். இன்னும் அதே லயத்தில் இருந்து தேயிலைக் கொழுந்து எடுக்கிறாள். தேத்தண்ணி கொடுத்தும் குடிக்கவில்லை.
"வாய்க்கா கசியுது யசோ. குசினிக்குப் பின்னால மண்ணு பொதபொதன்னு கெடக்கு. ஒருக்கா வந்து பாரு."
விஜேந்திரனுக்குப் போன் செய்தேன். புது வாய்க்கால் கொஞ்சம் கசியத்தான் செய்யும் என்றான். இப்போது மூடினால் மின்சார ஒப்பந்தம் கைவிட்டுப் போகுமாம். நான் மூடச் சொல்லவே இல்லையே.

நவம்பர் 6
போய்ப் பார்த்தேன். லயத்துக்குப் பின்னால் மலையில் ஒரு வெடிப்பு. கை மணிக்கட்டு வரை உள்ளே போனது. உள்ளே ஒரே ஈரம். வாய்க்காலில் இருந்துதான் வருகிறது, சந்தேகமே இல்லை. சனம் வாசலில் நின்று என்னையே பார்த்தது. ரெண்டு கிழமையில், இருபதாம் தேதிக்குள், சீமெந்து பூசித் தருகிறோம் என்றேன்.
"அதுவரைக்கும் தண்ணிய நிப்பாட்ட ஏலாதா?" என்று கருப்பம்மா கேட்டாள்.
பார்க்கிறேன் என்றேன். மதகு அங்கிருந்து பத்து நிமிட நடை. சாவி என் பையில்தான் இருந்தது.

நவம்பர் 17
மூன்றாவது நாளாக மழை. விஜேந்திரன் போனை எடுக்கவில்லை. நானே போய் மூடிவிடவா? நாளைக்குப் போகலாம்.

நவம்பர் 18
போகவில்லை.

நவம்பர் 20
எப்படி எழுதுறது. நேத்து காலையில பத்து மணிக்கு மலை சரிஞ்சிருச்சு. லயத்துல நாலு வீடு மண்ணுக்குள்ள. மழை விட்டுச்சுன்னு மத்தவங்க எல்லாம் வேலைக்குப் போயிருக்காங்க. கருப்பம்மா மட்டும் காய்ச்சல்ல படுத்திருந்திருக்கா. நான் போய்ச் சேர மூணு மணி. எடுத்து வச்சிருந்தாங்க. முகத்த மட்டும் தொடச்சு விட்டிருந்தாங்க — அவ மக ஜீவராணி பக்கத்துல இருந்தா. நான் உக்கார கொஞ்சம் நகர்ந்து எடம் விட்டா. நான் உக்காரல.

டிசம்பர் 3
நாளை கச்சேரியில், அரசாங்க அதிபர் அலுவலகத்தில், விசாரணை. விஜேந்திரன் வந்தான்.
"மழையில சரிஞ்சது, அக்கா. வேற தோட்டத்துலயும் சரிஞ்சிருக்கே. நாம பேசாம இருந்தா போதும்."
மழையும்தான் காரணம். அதுவும் பொய்யில்லை.

டிசம்பர் 4
சொல்லிவிட்டேன். அக்டோபர் 29 முதல் எனக்குத் தெரியும் என்று. வெடிப்புக்குள் கையை விட்டுப் பார்த்ததை, சாவியோடு திரும்பி வந்ததை, எல்லாவற்றையும். எழுதிக்கொண்டிருந்த அதிகாரி நிறுத்தி, யோசித்துத்தான் சொல்கிறீர்களா என்று கேட்டார். ஆம் என்றேன். விஜேந்திரன் எழுந்து வெளியே போய்விட்டான். ஜீவராணி கடைசி வரிசையில் தலையைக் குனிந்தபடி இருந்தாள். சொன்னால் மனசு லேசாகும் என்று நினைத்தேனா? ஆகவில்லை.

ஜனவரி 21
வாய்க்காலுக்கு சீல் வைத்துவிட்டார்கள். வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்களில் இரண்டாவது பெயர் என்னுடையது.
இன்று பசறை பஸ்ஸில் நானும் போனேன். செண்பகவத்தைச் சந்தியில் இருபது பேராவது நின்றிருப்பார்கள். பஸ் நின்றது. யாரும் ஏறவில்லை. யாரும் திட்டவும் இல்லை. அடுத்த பஸ் வருகிறதா என்று ரோட்டையே பார்த்துக்கொண்டு நின்றார்கள். ரெண்டு மாதமாக இப்படித்தான் என்றார் சாரதி ஸஹாப்தீன். இனி இங்கே நிறுத்தாமல் போகட்டுமா என்று கேட்டார்.
"இல்ல, நிப்பாட்டுங்க," என்றேன். "கொஞ்ச நேரம் நின்னுட்டே போங்க."