பெட்டிக்கு ஒரு பெயர்

ஒரேத்தோ, பலேர்மோ

அன்பு மகள் அமலினிக்கு,

மாதாவின் துணை என்றும் உன்னோடு இருக்கட்டும். போனில் கதைத்தால் அப்பா பக்கத்தில் வந்து நின்றுவிடுகிறார். அதனால்தான் எழுதுகிறேன்.

இங்கே வெயில் தொடங்கிவிட்டது. பொலிதேயாமாவில் நான் வேலை செய்யும் வீட்டுக்கார அம்மா, அந்த சிஞ்ஞோரா, உன் படம் வந்த பேப்பரை எடுத்து வைத்துத் தந்தா. பிரெஞ்சு நடிகை, எழுத்தாளர் என்று போட்டிருக்கிறதாம். நீ பாரிஸுக்குப் போய் முதல் நாடகத்தில் ஒரு மணித்தியாலம் பேசாமல் நின்றாயே, வீட்டில் ஒரு நிமிடம் வாய் மூடாதவள் என்று நானும் அப்பாவும் சிரித்தோம். அடுத்ததில் மேடையில் குந்தியிருந்து வெங்காயம் உரித்தாய். ஒன்றும் விளங்காவிட்டாலும் பெருமையாக இருந்தது.

இப்போது நீ போடும் இந்த நாடகம் எனக்கு நன்றாக விளங்குகிறது, பிள்ளை. அதுதான் தாங்க முடியவில்லை.

பக்கத்து வீட்டுக் கத்தரீனா அக்கா அதைத் தன் போனில் காட்டினா. வெறும் சவப்பெட்டி. நீ அண்ணாவின் பெயரைச் சொல்லிக் கூப்பிடுகிறாய். பார்க்க வந்த சனம் ஒவ்வொருவராக எழும்பி வந்து ஒரு பிடி மண் போடுகிறது. அடுத்த நாள் அக்கா சீனியும் கோப்பியும் கொண்டு, செத்த வீட்டுக்கு வருவது போல வந்தா. நான் திருப்பி அனுப்பப் பார்த்தேன். அப்பா கதிரையை இழுத்துப் போட்டு, இருங்கோ அக்கா என்றுவிட்டு அழுதார். யுத்தம் முடிந்த நாளில் ஆமி பஸ்ஸில் ஏற்றிக்கொண்டு போய் இன்றுவரை ஒரு தகவலும் இல்லாத உன் அண்ணா ஜெனோஜனுக்காக அவர் அழுதது அதுதான் முதல் தடவை. அன்றைக்கு நன்றாக நித்திரையும் கொண்டார்.

இப்போது பங்குச் சுவாமியிடம் இறந்தவர்களுக்கான பூசை கேட்டிருக்கிறார். அவன் பிறந்தநாளுக்கு நான் கொடுத்துவரும் பூசை உயிரோடு இருக்கிறவனுக்கு. செத்தவர்களை நினைக்கும் ஆத்துமாக்கள் திருநாளில் ஒருநாளும் அவன் பெயரைக் கொடுத்ததில்லை. இனி ஒரே கோவிலில் அவனுக்கு இரண்டு விதமான பூசையா?

அடுத்த மாதம் நாடகம் இங்கே வருகிறதென்று முன் வரிசைக்கு ரிக்கற் அனுப்பியிருக்கிறாய். அப்பா வெள்ளைச் சட்டையை அயன் பண்ணி வைத்துவிட்டார். நீரும் ஒரு பிடி போடும், மனம் ஆறும் என்கிறார். அவருடைய நித்திரையை நான் எப்படிக் கெடுப்பேன்? நாடகத்தை நிற்பாட்டு என்றும் கேட்கமாட்டேன். அது உன் உழைப்பு. அதை எழுதும்போது நீயும் அழுதிருப்பாய். ஆனால் எல்லோரும் மண் போட்டுவிட்டால், அவன் வந்து தட்டும்போது கதவை யாரடி திறக்கிறது?

உன்னைக் கெஞ்சிக் கேட்கிறேன் மகள். நீ எழுதியதை நீயே மாற்றலாம். பலேர்மோவில் மட்டும் அந்தப் பெட்டிக்கு என் பெயரைச் சொல்லு. றோசமலர் என்று கூப்பிடு. அப்பா மண் போடட்டும். நானும் எழும்பி வந்து ஒரு பிடி போடுகிறேன்.

நேரத்துக்குச் சாப்பிடு. தொண்டையைக் கவனி. ஆண்டவர் உன்னையும் அண்ணாவையும் ஆசீர்வதித்துக் காப்பாராக.

உங்கள் இரண்டு பேரின் அம்மா,
றோசமலர்