‘போறன்’ என்று பாடிய சின்னம்மாவுக்கு

என் செல்லச் சின்னம்மா,

இதைக் கொஞ்சம் குறுக்கே பேசாமல் கேளுங்கள். உங்களுக்கு அது கஷ்டம் என்று தெரியும். போன சனிக்கிழமை உங்கள் பாட்டைப் போட்டேன். நீங்கள் போன பிறகு முதல் தடவை. அம்மாவும் அந்த மண்டபத்தில் இருந்தார்.

இதை எல்லாரும் வாசிக்கிற மாதிரி எழுதுவதற்குக் காரணம் இருக்கிறது. சிட்னியில் அந்தப் பாட்டுக்கு ஆடாத தமிழர் குறைவு. ஆனால் பாதிப் பேருக்கு அதைப் பாடியது யார் என்றே தெரியாது. யாரோ கனடாக்காரி என்று நேற்றும் ஒருவர் என்னிடம் அடித்துச் சொன்னார். எனக்கு வந்த கோபத்துக்கு!

நீங்கள் அப்போது பன்னிரண்டாம் வகுப்பு. தொண்ணூறுகள் முடிகிற நேரம். ரமணன் அங்கிளிடம், அப்போது அவர் வெறும் ரமணன் அண்ணா, ஒரு கீபோர்டும் இரவல் மைக்கும் இருந்தன. ஹோம்புஷில் அவர் வாடகைக்கு இருந்த வீட்டின் கராஜ்தான் ஸ்டூடியோ. பின்வேலிக்கு அந்தப் பக்கம் தண்டவாளம். ரயில் வரும்போதெல்லாம் பாட்டை நிறுத்த வேண்டும்.

பாட்டில் ஒரு பெண் பிள்ளை. ட்யூஷன், வயலின், பரதநாட்டியம், சனிக்கிழமைத் தமிழ்ப் பள்ளி எல்லாம் அலுத்துப்போய் வாசலில் நின்று சொல்கிறாள்: ‘சோத்தை மூடி வையுங்கோ, நான் போறன்!’

எங்கள் ஆட்களுக்கு இது சும்மா வரி இல்லை. பால் வாங்க மூலைக்கடைக்குப் போனாலும் நாங்கள் ‘போட்டு வாறன்’, அதாவது போய்விட்டு வருகிறேன், என்றுதான் சொல்வோம். வெறும் ‘போறன்’ என்றால் திரும்பி வராதவர் சொல்வது. வீட்டில் தப்பித்தவறிச் சொன்னால், செருப்பைக் கழற்றிவிட்டு உள்ளே வந்து திருத்திச் சொல்லிவிட்டுத்தான் போக வேண்டும்.

கராஜுக்கு உங்களைத் தனியே விட வீட்டில் சம்மதிக்கவில்லை. காவலுக்கு அக்கா, அதாவது என் அம்மா. மூலையில் ஒரு உடைந்த கதிரையில் இருந்து கணக்கியல் புத்தகம் படித்துக்கொண்டிருந்தாராம். நீங்கள் மைக்கைப் பிடித்து ‘நான் போறன்’ என்று இழுத்ததும், புத்தகத்திலிருந்து தலையை எடுக்காமலே சத்தம் போட்டார்: “வாறன் எண்டு சொல்லடி!”

நீங்கள் சிரித்துவிட்டீர்கள். அதே நேரம் ரயிலும் வந்தது. எல்லாம் கசெற்றில் பதிந்துவிட்டது. ரமணன் அங்கிள் அழிக்கப் போனார். “அதில கை வைச்சா கையை முறிப்பன்” என்றீர்களாம். பிறகு அவர் ரயிலைப் பாட்டின் தொடக்கத்தில் வைத்தார். அம்மாவின் அதட்டலை வெட்டி ஒவ்வொரு பல்லவிக்கும் ஒட்டினார். கடைசிப் பல்லவியில் மட்டும் உங்கள் சிரிப்பையும் சேர்த்து விட்டுவைத்தார்.

இந்தக் கதையை நீங்கள் சொல்லும் ஒவ்வொரு முறையும் அந்த ரயிலுக்கு ஒரு பெட்டி கூடும்.

பாட்டு காட்டுத்தீ மாதிரிப் போனது. கசெற்றிலிருந்து கசெற்றுக்கு, இங்கிருந்து மெல்பேர்னுக்கு. தமிழ் வானொலியில் நேயர் விருப்பம் என்றால் அதுதான். அதே வானொலிக்கு ஒரு அங்கிள் தொலைபேசி எடுத்து, “விளக்கு வைக்கிற நேரத்தில அந்தப் பெட்டையைப் ‘போறன்’ எண்டு கத்த விடாதேங்கோ” என்று சண்டை பிடித்தார். அதன் பிறகு இருட்டுவதற்கு முன்னர் மட்டும் போட்டார்கள். மேய்ஸ் ஹில் முருகன் கோயில் கார் பார்க்கில் பெடியன்கள் உங்களைக் கண்டால் ஒன்றாகக் கத்துவார்களாம்: “வாறன் எண்டு சொல்லடி!” நீங்களா விடுகிற ஆள்? “உங்கட அம்மாட்டப் போய்ச் சொல்லுங்கோடா!”

இதில் பெரிய பகிடி என்ன தெரியுமா? அன்றைக்குக் காரில் அந்தப் பாட்டை நிறுத்திய அதே அப்பாமார்தான் இன்றைக்குத் தங்கள் பேத்திமாரின் சாமத்திய வீட்டில், அதுதான் பூப்பு நீராட்டு விழாவில், அதைப் போடச் சொல்கிறார்கள். தோழிகள் சூழ, நகையெல்லாம் போட்டுப் பிள்ளை மண்டபத்துக்குள் நடந்து வரும்போது ஸ்பீக்கரில் ‘வீட்டை விட்டுப் போறன்’. ஒருத்தருக்கும் வரி காதில் விழுவதில்லை. அந்த அதட்டலுக்குக் காத்திருப்பார்கள். அந்த இடத்தில் நான் பாட்டை நிறுத்துவேன், மண்டபமே அதைக் கத்தும். டீஜே வேலையில் எனக்குப் பிடித்ததே அந்த இடம்தான்.

நான் யூனிப் படிப்பைப் பாதியில் விட்டபோது ஸ்ட்ராத்ஃபீல்டில் இருக்கிற அன்ரிமார் அத்தனை பேரும் துக்கம் விசாரித்தார்கள். நீங்கள் மட்டும்தான், “சரி, விட்டாச்சு. இப்ப என்ன செய்யப் போறாய்?” என்று கேட்டீர்கள். அந்தக் கேள்விக்கு இன்னும் முழுப் பதில் இல்லை. ஸ்பீக்கர் தூக்குகிறேன். நன்றாகத் தூக்குகிறேன்.

இனி ஆஸ்பத்திரிக் கதை. தினமும் பின்னேரம் அம்மா வெளிக்கிடும்போது “போட்டு வாறன் சுகி” என்பார். நீங்கள் “சோத்தை மூடி வையுங்கோ அக்கா” என்பீர்கள். கடைசிப் பின்னேரம் நானும் அங்கே தோடம்பழம் உரித்துக்கொண்டு இருந்தேன். நீங்கள் முந்திக்கொண்டீர்கள்.

“அப்ப நான் போறன் அக்கா.”

அம்மாவுக்கு முகம் மாறிவிட்டது. “விசர்க் கதை கதையாதை. பார்க்கிங் முடியப் போகுது” என்று கைப்பையை எடுத்துக்கொண்டு நடந்தார். விடிந்தபோது நீங்கள் இல்லை.

செத்த வீட்டுக்குப் பிறகு காரில் வைத்து அம்மா ஒரேயொரு தரம் வாய் திறந்தார். “அண்டைக்கு நான் அதைச் சொல்லேல்லையடி. ஊரெல்லாம் சொல்லுது, எனக்கு வாயில வரேல்லை. அந்தப் பாட்டை எனக்கு முன்னால போடாதை.”

சின்னம்மா, நீங்கள் தெரிந்துதான் சொன்னீர்களா? இல்லை, வழக்கம் போலப் பகிடியா?

சனிக்கிழமை ரமணன் அங்கிளின் மகள் மாயாவின் சாமத்திய வீடு. அங்கிளே முன்கூட்டிச் சொன்னார்: “வேற பாட்டுப் போடு பிள்ளை. உன்ர அம்மா வாறா.” போட்டேன். மாயா வாசலை விட்டு அசையவில்லை.

“நோ வே. ட்ரெயின் சாங் இல்லாட்டி நான் நடக்க மாட்டன். அது சுகி அன்ரியின்ர!”

அங்கிள் பட்டு வேட்டியோடு வியர்த்துக் கொட்டினார். மைக்கில் நின்ற அறிவிப்பாளர், “சிறியதொரு தொழில்நுட்பக் கோளாறு, அதுவரை குளிர்பானம் அருந்துங்கள்” என்றார். நான்தான் அந்தக் கோளாறு. பார்த்தால், அம்மா சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு என் மேசைக்கு வருகிறார்.

“என்ன பிரச்சினை?”

“ஒண்டுமில்லை அம்மா. போய் இருங்கோ.”

“அந்தப் பிள்ளை தலையில அவ்வளவு பாரத்தோட நிக்குது. போடு.”

“நீங்கள்தானே வேண்டாமெண்டனீங்கள்?”

“யூனியை விடாதை எண்டும்தான் சொன்னனான். கேட்டனியே? போடு!”

போட்டேன். ரயில் வந்தது. பெடி பெட்டையள் கதிரைகளை விட்டு எழுந்துவிட்டார்கள். உங்கள் குரல் வந்தது. அந்த இடத்தில் பாட்டை நிறுத்தினேன், மண்டபமே கத்தியது. அம்மா வாய் திறக்கவில்லை. அடுத்த பல்லவியிலும் அப்படித்தான்.

கடைசிப் பல்லவி. நிறுத்தினேன். எல்லாரும் கத்தி ஓய்ந்தார்கள். நான் பாட்டைத் திரும்ப விடப் போகும்போது பக்கத்தில் அம்மாவின் குரல். கத்தவில்லை. வாசல் படலையில் நிற்கிற ஆளுக்குச் சொல்கிற மாதிரி,

“வாறன் எண்டு சொல்லடி சுகி.”

பட்டனிலிருந்து விரலை எடுத்துவிட்டேன். அறிவிப்பாளர் மறுபடியும் மைக்கைத் தூக்கினார். அவர் கோளாறு சொல்வதற்குள் பாட்டை விட்டேன். சரியாக அந்த இடத்தில் நீங்கள் சிரித்தீர்கள்.

அம்மா ஒரு நிமிடம் ஸ்பீக்கரையே பார்த்துக்கொண்டு நின்றார். பிறகு, “சத்தம் கூட. காது அடைக்குது. குறை” என்று சொல்லிவிட்டு மட்டன் ரோல்ஸ் எடுக்கப் போய்விட்டார். வீட்டுக்கு வரும் வழியில்தான் கேட்டார்:

“நான் கொஞ்சம் பிந்திட்டன், என்ன?”

“பரவாயில்லை அம்மா. டீஜே சமாளிச்சிட்டா.”

யூனிக்குத் திரும்பிப் போகிறேன் என்று உங்களுக்குச் சத்தியம் செய்ய மாட்டேன். இதைச் செய்கிறேன்: இனி எந்த மண்டபத்திலும் உங்கள் பாட்டின் கடைசிப் பல்லவியில் அந்த இடைவெளி இருக்கும். எல்லாரும் கத்தி முடிந்த பிறகும், அம்மாவுக்காகக் கொஞ்சம் கூடுதலாக. எந்த அறிவிப்பாளர் முறைத்தாலும் சரி. சிரிப்பதற்கு நீங்கள் ஆயத்தமாக இருங்கள்.

சோத்தை மூடி வையுங்கோ சின்னம்மா. போட்டு வாறன்.

உங்கட பெறாமகள்,
ஆரணி